அண்டாவுக்குள் சொன்ன கவிதை

போன மாதம் ராஜபாளையத்தில் ஒரு இலக்கியக் கூட்டத்துக்குப் போயிருந்தேன். நாற்பது நாற்காலி போட்டிருந்தார்கள். பதினேழில்தான் ஆள் இருந்தது. அழைப்பிதழில் ஆறு எழுத்துப் பிழை. ஒரு இளைஞர் மைக்கை விழுங்கப் போகிறவர்போல் பிடித்துக்கொண்டு ‘ம்’ என்றும் ‘ங்’ என்றும் கொஞ்ச நேரம் முனகினார். முடித்துவிட்டு, வார்த்தையே இல்லாமல் ஓசையால் மட்டும் ஆன கவிதை தமிழில் இதுதான் முதல் என்று அறிவித்தார். எல்லோரும் கை தட்டினார்கள். நான் எழுந்து வெளியே வந்துவிட்டேன். யாருடைய செருப்பையோ மாட்டிக்கொண்டு வந்தது வீட்டுக்கு வந்த பிறகுதான் தெரிந்தது. அவ்வளவு ஆத்திரம்.

அந்த இளைஞர் மேல் எனக்குக் கோபமில்லை. அவருக்குத் தெரிய வழியில்லை. கோபம் உங்கள் மேல்தான். முன்வரிசையில் நாலு பேர் உட்கார்ந்திருந்தீர்களே, என் வயசுக்காரர்கள், மில்லுத் தெருவில் என்னோடு கோலி விளையாடியவர்கள். உங்களுக்குத் தெரியும். உங்கள் அம்மாமார் எலுமிச்சம்பழத்தைக் கையில் வைத்துக்கொண்டு எங்கள் வீட்டு வாசலில் வெயிலில் நின்றவர்கள். நாலு பேரில் ஒருவர்கூட வாயைத் திறக்கவில்லை. என் அத்தை போய் ஒன்பது வருஷமாகிறது. எனக்கும் அறுபது நெருங்குகிறது. இதை நான் எழுதாவிட்டால் எழுத வேறு நாதியில்லை.

எண்பதுகளின் தொடக்கம். எங்கள் தெருவுக்கு டி.வி. வரவில்லை. நான் ஆறாம் வகுப்பு முடித்து ஏழாவதுக்குக் காத்திருந்த கோடை விடுமுறை. அத்தை என் அப்பாவுக்கு ஒரே தங்கை. பத்தாவது வரை படித்துவிட்டு நூல் மில்லில் வேலைக்குப் போனவள். அப்போது இருபத்தாறு வயது. மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்தார்கள். எனக்குத் தெரிந்து ஏழு பேர் வந்து பஜ்ஜி தின்றுவிட்டுப் போய்ப் பதில் சொல்லவில்லை. அப்பா பஞ்சுக் கடை ஒன்றில் கணக்கு எழுதினார்.

மில்லில் நூல் ஓடும் இடத்துக்குள் போயிருக்கிறீர்களா? காதுக்குள் ஆளை நிறுத்தி அடிக்கிற சத்தம். அங்கே வேலை பார்க்கிற பெண்கள் உதட்டைப் பார்த்தே பேசிக்கொள்வார்கள். வீட்டுக்கு வந்தாலும் கத்தித்தான் பேசுவார்கள், பழக்கம் விடாது. அத்தை மட்டும் வீட்டுக்கு வந்ததும் மிக மெதுவாகப் பேசுவாள். பக்கத்தில் போய் நின்றால்தான் கேட்கும். அவள் தலைமுடியில் எப்போதும் பஞ்சுத் தூசி இருக்கும். சீயக்காய் வாசனையும் எண்ணெய் வாசனையும் சேர்ந்து அடிக்கும்.

அந்த மிஷின் சத்தத்துக்குள்தான் அவளுக்கு முதலில் விஷயம் பிடிபட்டதாம். என்னிடம் சொன்னாள். “மிஷின் ஓடும்போது நானும் சேந்து ம்-னு இழுப்பேன்லே. கொஞ்சம் ஏத்தி, கொஞ்சம் எறக்கி. ஒரு எடம் வரும் பாரு, அங்க போயிட்டா என் சத்தம் எனக்கே கேக்காது. நான் மிஷினுக்குள்ள போயிட்டேனா, மிஷின் எனக்குள்ள வந்துருச்சானு தெரியாது. அந்த எடம் ரொம்ப நல்லாருக்கும்.”

வீட்டில் மிஷின் கிடையாது. அதற்குப் பதிலாக அவள் கண்டுபிடித்தது அம்மாவின் சீர் அண்டாவை. நீங்கள் பார்த்திருப்பீர்கள்: பித்தளை, நான் உள்ளே உட்கார்ந்தால் தலை மட்டும் வெளியே தெரியும், விளிம்புக்குக் கீழே அம்மாவின் பெயர் புள்ளி புள்ளியாக வெட்டியிருக்கும். கல்யாண வீட்டுக்காரர்கள் கேட்டால்தான் அது அறையைவிட்டு வெளியே வரும். அத்தை அதைக் கொல்லைக்கு உருட்டிப் போய், தலையில் சுமை வைக்கிற சும்மாடு ஒன்றைத் தரையில் போட்டு, அதன் மேல் நிறுத்தினாள். கால்வாசித் தண்ணீர் ஊற்றினாள். குனிந்து முகத்தை உள்ளே கொடுத்து முனக ஆரம்பித்தாள்.

அம்மா அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தாள்.

“ஏட்டி, எம் பேரு வெட்டுன அண்டாவுக்குள்ள தலைய விட்டு என்னத்தத் தேடுத?”

“சத்தத்தத் தேடுதேன் மதினி.”

“கெடச்சா ரெண்டு படி எனக்கும் அளந்து போடு. ராத்திரிக்கு ஒலை வைக்கணும்.”

சிரிப்பாகத்தான் இருந்தது. ஆனால் அத்தை தேடியது கிடைத்தது. ஒரு குறிப்பிட்ட சுருதியை அவள் தொட்டதும் அண்டா அதைப் பிடித்துக்கொண்டது. அவள் வாயை மூடிய பிறகும் பித்தளை அதைச் சொல்லிக்கொண்டிருந்தது. அதற்கு அவள் வைத்த பேர் ‘எடுத்துக்கிடுதல்’. “அண்டா எடுத்துக்கிட்டுலே!” என்று தண்ணீர் சொட்டுகிற முகத்தோடு நிமிர்ந்து சிரித்தாள். தண்ணீரைக் கூட்டினால் ஒரு சுருதியை எடுத்துக்கொள்ளும், குறைத்தால் வேறொன்றை.

எனக்கு ஒரு வேலை கொடுத்தாள். அவள் நிறுத்தியதிலிருந்து அண்டா அடங்கும்வரை எண்ண வேண்டும்.

“மனசுக்குள்ள எண்ணு. வாயத் தொறந்தியோ, கெட்டுச்சு.”

நன்றாக எடுத்துக்கொண்டால் பதினொன்று வரை போகும். நான் எதையும் எண்ணாமல் விடமாட்டேன் என்று என் மனைவி திட்டுகிறாள். மருந்துச் சீட்டில் எத்தனை மாத்திரை, தெருவில் எத்தனை நாய், பேரன் எத்தனை முறை இருமினான். அந்தக் கோடையில் ஒட்டிக்கொண்ட வியாதி இது.

முதலில் செய்த கவிதை மெல்லினம் ஆறை மட்டும் வைத்து. ங, ஞ, ண, ந, ம, ன. பள்ளிக்கூடத்தில் நாம் எல்லோரும் மனப்பாடம் செய்ததுதான். யாருக்காவது அதை வாயில் வைத்து ருசி பார்க்கத் தோன்றியதா? ‘ங்’ தொண்டைக்குப் பக்கத்தில் கிணறு மாதிரி இருக்கும், ‘ம்’ உதட்டுக்கு வந்துவிடும். பின்னாலிருந்து முன்னால் ஒவ்வொன்றாக அவள் நகர்த்திக்கொண்டு வரும்போது யாரோ ஒருவர் இருட்டு வீட்டுக்குள்ளிருந்து ஒவ்வொரு அறையாகக் கடந்து வாசலுக்கு வருவதுபோல் இருக்கும். இரண்டாவது கவிதை, குழாயடியில் குடம் நிரம்புவது. மூன்றாவது, பகல் ஷிப்டுக்கு ஊதுகிற மில் சங்குக்கும் அதைக் கேட்டு ஊளையிடுகிற நாய்களுக்கும் நடுவில் உள்ள நேரம். அப்போது இவற்றைக் கவிதை என்று அவள்தான் சொன்னாள். எனக்கு அது விளையாட்டு.

“ஏன் அத்தை, ஒரு வார்த்தைகூட இல்லையே?”

“வார்த்தைய வச்சுட்டா எல்லாரும் அதத்தான்லே கேப்பாங்க. சத்தத்த ஒருத்தரும் கேக்க மாட்டாங்க. உங்கப்பா என்னயப் பேர் சொல்லிக் கூப்புடுதாருல்ல, அந்தக் குரல்ல எம்புட்டு அலுப்பு இருக்குனு யாருக்காவது தெரியுதா? பேரு மட்டும் கேக்குது.”

ஒரு ஞாயிற்றுக்கிழமை என்னைச் செண்பகத்தோப்புக்குக் கூட்டிப் போனாள். அப்பாவிடம் சாமி கும்பிடப் போவதாகச் சொன்னோம். ஒரு பை நிறைய சப்பட்டை மாங்காய், உப்பு, மிளகாய்ப் பொடி. மலை அடிவாரத்தில் பாறையைப் பார்த்து நின்று அவள் குரல் கொடுத்தாள். பாறை அண்டா மாதிரி எடுத்துக்கொள்ளவில்லை. கொஞ்சம் தாமதித்துத் திருப்பிக் கொடுத்தது. அந்தத் தாமதத்துக்குள் இன்னொரு குரலை அவள் நுழைக்கப் பார்த்துக்கொண்டிருந்தபோது ஃபாரஸ்ட் கார்டு ஒருவர் லத்தியோடு வந்தார்.

“ஏம்மா, என்ன, யானையக் கூப்புடுதியா?”

“இல்லண்ணே. கவித சொல்லுதேன்.”

“கவிதயா? இங்க யானைதான் இருக்கு.”

“யானைக்குப் பெரிய காதுண்ணே. பொறுமையாக் கேக்கும்.”

அவர் லத்தியைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு சிரித்துவிட்டார். ஒரு மாங்காயை வாங்கித் தின்றுவிட்டு, செத்த நேரம் நின்று கேட்டார். “மழைக்கு முன்னாடி மேல ஒரு சத்தம் வரும்மா, அது கணக்கா இருக்கு” என்றார். நான் அடித்துச் சொல்கிறேன், அத்தை சொன்னதைக் கவிதையாகக் கேட்ட பெரிய மனிதர் வாழ்நாளில் அவர் ஒருவர்தான். அவரும் நம்ம ஊர்க்காரர் இல்லை.

அத்தை பெரிதாக ஒன்றைச் செய்துகொண்டிருந்தாள். அதற்கு ‘இழை’ என்று பேர். மில்லில் நூல் ஓடிக்கொண்டே இருக்கும். அறும். பெண்கள் ஓடிப்போய் ஒட்டுவார்கள். மறுபடி அறும். கவிதையில் நூலுக்குப் பதில் ஒரே முனகல். அது அறுந்து, ஒட்டி, அறுந்து, ஒட்டி, ஒவ்வொரு ஒட்டிலும் தொண்டையில் சின்னதாக ஒரு முடிச்சுச் சத்தம். கடைசியில் எல்லா இழையும் ஒன்றாக அறுந்துபோகும் இடத்தில் அவள் குலவையை வைத்தாள். ஆம், முளைப்பாரிக்கும் பொங்கலுக்கும் நம் பெண்கள் நாக்கை அடித்துப் போடுவார்களே, அதே குலவை. முதலில் முழு வேகத்தில். பிறகு மெல்ல மெல்லக் குறைத்து, நாக்கு ஒவ்வொரு அடியாகத் தட்டுவது தனித்தனியாகக் கேட்கும்வரை பிரித்துக்கொண்டே வந்து, கடைசி அடியோடு நிறுத்திவிடுவாள். அதன் பிறகு அவள் ஒன்றும் செய்யமாட்டாள். அண்டா மட்டும் தானாகச் சொல்லும். பதினொன்று எண்ணும்வரை.

“அதுதான்லே கவித. முன்னாடி உள்ளதெல்லாம் அதுக்குப் போற வழி. ஆளு நின்ன பொறவும் சத்தம் நிக்காம இருக்குல்ல, அந்த எடத்த நாலு பேரு கேக்கணும். ஒரு தடவ போதும்.”

அவளுக்கு வேண்டியிருந்தது இதுதான். பட்டமும் வேண்டாம், பத்திரிகையில் படமும் வேண்டாம். நாலு பேர் உட்கார்ந்து அந்தக் கவிதையைக் கடைசிவரை கேட்க வேண்டும்.

ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு தமிழய்யா மாதாமாதம் பள்ளிக்கூட ஹாலில் கவியரங்கம் நடத்தினார். வெள்ளை வேட்டி, தோளில் துண்டு, எந்தக் கூட்டத்திலும் மூடநம்பிக்கையை ஒழிக்காமல் பேச்சை முடிக்க மாட்டார். அத்தை அவரைப் போய்ப் பார்த்தாள். நானும் உடன் போனேன்.

“கவிதையை முன்னாடியே எழுதிக் கொடுத்துடணும்மா. நான் திருத்தணும்.”

“எழுத முடியாதுய்யா. இதுல வார்த்தையே கெடையாது.”

“வார்த்தை இல்லாமக் கவிதையா? அப்ப கொட்டாவியும் கவிதைதான்.”

“நல்லா விட்டா அதுவும் கவிததான்யா.”

அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பெண் கவிஞர் யாரும் இல்லை என்று போன மாதம் யாரோ குறை சொல்லியிருந்தார்கள். அதனால் கடைசிப் பெயராகச் சேர்த்துக்கொண்டார். பஞ்சு மூட்டை ஏற்றிப் போன லாரியில் அண்டாவை வைத்து நானும் அத்தையும் போனோம். அப்பாவும் அம்மாவும் பின்னால் வந்தார்கள்.

பதினான்கு கவிஞர்கள். எல்லோருக்கும் ஒரே தலைப்பு, உழைப்பே உயர்வு. பதின்மூன்று பேர் ‘டா’ போட்டு முடித்தார்கள். சுண்டல் உண்டென்று அக்கம்பக்கத்துப் பெண்கள் பின்வரிசையில் வந்து உட்கார்ந்திருந்தார்கள். தமிழய்யாவின் வீட்டம்மா முன்வரிசையில் இருந்தார்கள். அத்தை மேடையில் சும்மாட்டைப் போட்டு அண்டாவை நிறுத்தி, குடத்திலிருந்து தண்ணீரை அளந்து ஊற்றினாள். கொஞ்சம் சிரிப்புச் சத்தம். அவள் குனிந்து ஆரம்பித்தாள்.

சிரிப்பு நின்றது. நான் மேடைக்குக் கீழே நின்று முகங்களைப் பார்த்துக்கொண்டிருந்தேன். இழை ஓடியது, அறுந்தது, ஒட்டியது. ஒரு ஆள் கையில் சுண்டலை எடுத்தவர் வாய்க்குக் கொண்டுபோக மறந்திருந்தார். எனக்கு உடம்பெல்லாம் பெருமை. குலவைக்கு வந்தாள்.

இங்கேதான் கெட்டது. நம் ஊர்ப் பெண்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. ஒருத்தி குலவை போட்டால் மற்றவர்கள் சும்மா இருக்கக் கூடாது. தனியாக விடுவது அபசகுனம். பின்வரிசையிலிருந்து ஒருத்தி ஆரம்பித்தாள், பிறகு பத்து, பிறகு ஹால் முழுக்கக் குலவை. அத்தை வேகத்தைக் குறைக்கக் குறைக்க அவர்கள் கூட்டினார்கள். அந்த இரைச்சலில் தமிழய்யாவின் வீட்டம்மா நாற்காலியைத் தள்ளிவிட்டு எழுந்து, தலையை விரித்துப் போட்டு ஆட ஆரம்பித்தார்கள்.

“யாருன்னு நெனச்ச? என்னைய யாருன்னு நெனச்ச?”

மூடநம்பிக்கையை அன்றைக்கும் இருபது நிமிடம் ஒழித்திருந்த தமிழய்யா, வாட்ச்மேன் பையிலிருந்து திருநீற்றைப் பிடுங்கி மனைவி நெற்றியில் அப்பினார். ஆட்டம் அடங்கவில்லை. சாமியை அழைத்தவள்தான் அமர்த்த வேண்டும் என்று யாரோ கத்தினார்கள். அவர் மேடைக்கு ஓடிவந்து அத்தையின் காலில் விழுந்தார்.

“தாயே, என்ன குத்தம் செஞ்சோம், சொல்லிருங்க.”

“ஐயா, எந்திரிங்க. எல்லாரையும் உக்காரச் சொல்லுங்க. இன்னும் முடியல. கடைசில ஒண்ணு பாக்கி இருக்கு.”

“கடைசில ஒண்ணு பாக்கி இருக்குங்கா தாயி!” என்று ஹால் முழுக்கப் பரவியது. எதைப் பாக்கி வைத்தோம், எந்தக் கோயிலுக்கு நேர்ந்து செய்யாமல் விட்டோம் என்று ஒவ்வொருவரும் நெஞ்சைத் தட்டிக்கொண்டார்கள். அண்டாவில் பத்துப் பதினைந்து கை பதிந்து, தண்ணீரை மொண்டு தலையில் தெளித்துக்கொண்டிருந்தது. கை பட்ட பித்தளை எங்கே ஒலிக்கும்? நான் எண்ணத் தயாராக நின்றேன். எண்ண ஒன்றுமில்லை.

அடுத்த செவ்வாய்க்கிழமை எங்கள் வாசலில் முப்பத்தொரு பேர். வெள்ளிக்கிழமை எண்ண முடியவில்லை. அத்தையை மஞ்சள் சேலை கட்டிப் பலகையில் உட்கார வைத்தார்கள். மில்லுக்குப் போகக் கூடாது, கறி மீன் கூடாது, வாசல் தாண்டக் கூடாது. அண்டாவுக்கு மஞ்சள் பூசி, பொட்டு வைத்து, சிவப்புத் துணியைச் சுற்றிச் சுற்றிக் கட்டினார்கள். துணி சுற்றிய அண்டாவை நீங்கள் தட்டிப் பார்த்ததுண்டா? தலையணையைத் தட்டுவது மாதிரி இருக்கும். ‘டொப்.’ அவ்வளவுதான்.

அத்தை சும்மா இருக்கவில்லை. வந்தவர்களிடம் நேராகவே சொன்னாள். “அக்கா, நான் சாமி இல்ல. நூல் மில்லுல வேல பாக்குதேன். அன்னைக்குச் சொன்னது கவித.”

“தாயி நம்மளச் சோதிக்கா” என்று கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள்.

பிறகு வேண்டுமென்றே வெறும் சத்தம் போட்டாள். குக்கர் மாதிரி விசில் அடித்தாள். வந்தவளின் மகனுக்கு வேலை கிடைக்கப் போகிறது என்று பக்கத்து வீட்டுக்காரி பொருள் சொன்னாள். பஸ் ஹாரன் மாதிரி அடித்தாள், வெளியூர் மாப்பிள்ளை. ஆடு மாதிரிக் கத்தினாள். மறுநாள் வாசலில் ஒரு கிடாய் கட்டியிருந்தது. கடைசியில் வாயே திறக்காமல் உட்கார்ந்தாள். “தாயி மௌனத்துல இருக்கா, இது ரொம்ப உக்கிரம்” என்று கூட்டம் இரண்டு மடங்கானது. நான் பலகைக்குப் பக்கத்தில் நின்று பல்லைக் கடித்தேன். என்னை என்ன செய்தார்கள் தெரியுமா? திருநீற்றுத் தட்டைக் கையில் கொடுத்தார்கள்.

ஒரு சாயங்காலம் கூட்டம் கலைந்த பிறகு அத்தை அப்பாவிடம் கேட்டாள்.

“அண்ணே, நீங்களும் நம்புதீங்களா?”

அப்பா வேட்டியை இறுக்கிக் கட்டினார், அவிழ்த்தார், மறுபடி கட்டினார். “எங்க மொதலாளி இன்னைக்குச் செருப்பக் கழத்திப் போட்டுட்டு நம்ம வீட்டுக்குள்ள வந்தாரு. பாத்தேல்ல?”

“நான் கேட்டது அது இல்ல.”

“ஏட்டி, நீ அண்டாவுக்குள்ள தலைய விட்டு ஊளை விட்டத இந்தத் தெருவே கேட்டிருக்கு. மாப்பிள்ள வீட்டுக்காரன் ஏழு பேரு ஏன் பதில் சொல்லல? பைத்தியம்னு பேரு. இப்பச் சாமின்னு பேரு. சாமின்னா கும்புடுதான். இல்லன்னா கல்லத் தூக்குவான். எது வேணும், நீயே சொல்லு.”

“ரெண்டும் வேண்டாம்ணே.”

“மூணாவது ஒண்ணு நம்ம தெருவுல கெடையாது.”

அன்றைக்கு அப்பாவை அடிக்க வேண்டும்போல் இருந்தது. இப்போது யோசித்தால் அவர் பயந்திருக்கிறார் என்று தெரிகிறது. தெரிந்து என்ன ஆகிறது? கோபம் குறையவில்லை. பயத்தையும் பெருமையையும் ஒரே வேட்டிக்குள் சுற்றிக் கட்டிக்கொண்டு, உடன்பிறந்தவளைப் பலகையில் உட்கார வைத்த மனிதர் அவர். உங்கள் வீட்டுப் பெரியவர்கள் வாசலில் நின்றார்கள். மூணாவது ஒன்றை யோசிக்க ஒரு தெருவில் ஒரு மண்டை இல்லை.

ஆடி மாதம் பிறந்ததும் கூட்டம் இன்னும் பெருகும் என்று எல்லோரும் சொன்னார்கள். மேற்கே தென்னந்தோப்பில் பீடம் கட்ட இடம் பார்த்துவிட்டார்கள். அதைக் கேட்ட அன்று அத்தை தானாகவே அப்பாவைக் கூப்பிட்டு, அடுத்த கவியரங்கத்தில் பேசப் போவதாகச் சொன்னாள். தாய் ஊர் அறிய வாக்குச் சொல்லப் போகிறாள் என்று அப்பாவே போய்ச் செய்தி சொன்னார்.

ஸ்ரீவில்லிபுத்தூர் ஹால் கொள்ளவில்லை. ஜன்னல் கம்பியில் எல்லாம் ஆள் தொங்கியது. எலுமிச்சம்பழ வாசனையும் கற்பூர வாசனையும் மூச்சை அடைத்தன. தமிழய்யா கைகட்டி ஓரமாக நின்றார். அத்தை மஞ்சள் சேலையோடு மேடை ஏறினாள். அண்டா எங்கே என்று சிலர் கேட்டார்கள். அவள் இடுப்பிலிருந்து மடித்த காகிதம் ஒன்றை எடுத்துப் பிரித்தாள். தொண்டையைச் செருமிக்கொண்டு, ஒரு கையை ஆட்டி ஆட்டி வாசித்தாள்.

“உழைப்பே உயர்வின் உச்சமடா – அதை
உணரா மனிதன் எச்சமடா!
தலைவர் சொல்லே தங்கமடா – நம்
தமிழே உலகின் சங்கமடா!”

இப்படிப் பதினாறு வரி. நான் காதைப் பொத்திக்கொண்டேன். பாதியில் பின்வரிசைப் பெண்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள்.

“என்னடி இது, பேச்சுப்போட்டில பிள்ளைங்க சொல்லுத மாதிரி சொல்லுதா?”

“அவ்வளவுதான். சாமி மலையேறிருச்சு. வா போவோம், பஸ்ஸு போயிரும்.”

எழுந்து எழுந்து போனார்கள். ஜன்னலில் வெளிச்சம் வந்தது. கடைசி வரியை அவள் வாசிக்கும்போது பழைய கவியரங்கக் கூட்டம் மட்டும் மிஞ்சியிருந்தது. அப்பா வாசலுக்கு ஓடி, போகிறவர்களிடம் ஏதோ கையெடுத்துச் சொல்லிக்கொண்டிருந்தார். தமிழய்யாவுக்கோ உயிர் வந்துவிட்டது. கட்டிய கை அவிழ்ந்தது.

“அற்புதம்! அற்புதம்! எதுகை எப்படி விழுந்திருக்கு பாருங்க. இதம்மா கவிதை! மறுமுறை, மறுமுறை!”

அவள் மறுமுறையும் வாசித்தாள். அவளுக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். வாழ்நாளில் கவிஞர் என்று அவளை ஒரு மேடை அழைத்தது அன்றைக்கு மட்டும்தான். ‘இழை’யைக் கடைசிவரை கேட்காமல் காலில் விழுந்து கெடுத்த அதே கூட்டம் அந்தப் பதினாறு வரிக்குக் கை தட்டியது.

அப்பாவும் அம்மாவும் ஆட்களைச் சமாதானம் செய்யத் தங்கிவிட்டார்கள். நானும் அத்தையும் ராஜபாளையம் பஸ் ஏறினோம். வெயில் இன்னும் இறங்கவில்லை. நல்ல கூட்டம். காலையில் நாங்கள் வந்த பஸ்ஸில் அவள் நிழல் விழுந்ததும் பெஞ்சு காலியானது, மடியில் பிள்ளையை வைத்திருந்தவள்கூட எழுந்து கும்பிட்டாள். இப்போது அதே பெண்களில் இரண்டு பேர் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார்கள். ஒருத்தி அவளைப் பார்த்துவிட்டு வெளியே திரும்பிக்கொண்டாள். இன்னொருத்தி சீட்டில் வைத்திருந்த பையை நகர்த்தக்கூட இல்லை.

நான் கம்பியைப் பிடித்துக்கொண்டு கேட்டேன். “அத்தை, ‘இழை’ இனி எப்பச் சொல்லுவ?”

“சொல்ல மாட்டேன்லே.”

“கொல்லையில? நான் மட்டும் கேக்கேன்.”

“சொவரு இருக்குலே. சொவத்துக்கு அங்கிட்டுக் காது இருக்கு. ஒரு தடவ சத்தம் வெளிய போச்சோ, மறுபடி பலகையப் போட்டுருவாங்க.”

அவள் சொன்னபடியே இருந்தாள். மில்லுக்குத் திரும்பிப் போனாள். இரண்டு வருஷம் கழித்து வத்திராயிருப்பில் ஒரு நெல் வியாபாரிக்கு வாழ்க்கைப்பட்டாள். மூன்று பிள்ளைகள் பெற்றாள். தாலாட்டுக்கூடப் பாடவில்லை, தொட்டிலை ஆட்டிக்கொண்டு சும்மா உட்கார்ந்திருப்பாள் என்று அவள் மகள் சொன்னாள். இதெல்லாம் பிறகு.

பஸ் மில்கேட்டு பக்கம் வளையும்போது கண்டக்டர் கூட்டத்தைப் பிளந்துகொண்டு வந்தார். அத்தையை முழங்கையால் இடித்துத் தள்ளினார்.

“ஏம்மா, வழியில நட்டுக்கிட்டு நிக்க? உள்ள தள்ளிப் போ. எம்புட்டு எடம் கெடக்கு.”

யாரும் அவரைக் கடிந்துகொள்ளவில்லை. ஒருவன் அவள் காலை மிதித்துவிட்டு, திரும்பிக்கூடப் பார்க்காமல் இறங்கினான். அத்தை உள்ளே தள்ளி நின்றாள். பொன்னாடையைச் சுருட்டிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, மிதிபட்ட காலைப் பார்த்துச் சிரிக்க ஆரம்பித்தாள். கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தாள். என்னையும் சிரிக்கச் சொல்லித் தோளில் தட்டினாள்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை.